எஃப்.ஐ.ஆர். போடாமல் முடித்துவைத்த ஒரு நிலத் தகராறு

போலீஸ் எஃப்.ஐ.ஆர். போட்டால்தான் சங்கடம், போடாமல் கூப்பிட்டுப் பேசி அனுப்பிவிட்டால் பிழைத்தோம் என்று திருநெல்வேலிப் பக்கம் முக்கால்வாசிப் பேர் நினைக்கிறார்கள். நான் எழுதப்போகும் விவகாரத்தில் நிலைமை நேர்மாறு. எஃப்.ஐ.ஆர். போட்டிருந்தால் எங்கள் மாமாவுக்குச் சட்டம் பல விதத்தில் கைகொடுத்திருக்கும். போடாமல் விட்டதால், ஒரு சாயங்காலம் முழுக்க ஸ்டேஷனில் கிடந்து, இருக்கிறதா இல்லையா என்று எந்தக் கோர்ட்டும் சொல்லாத ஒரு கடனுக்கு இரண்டு செக் எழுதிக் கொடுத்துவிட்டு, ராத்திரி பத்தரைக்கு வீடு வந்தார்.

ஊர், ஸ்டேஷன், ஆட்கள் பெயர் எதையும் எழுதவில்லை. புகார் ஒன்று இன்னும் முடியாமல் கிடக்கிறது, அதோடு இதில் உள்ளவர்கள் எல்லாரும் ஒருத்தர் முகத்தில் ஒருத்தர் தினமும் முழிக்கிறவர்கள். கன்னடியன் கால்வாய்ப் பாசனத்தில் வரும் ஊர்களில் ஒன்று என்பது போதும். மாமா என்றால் எனக்குத் தூரத்து முறை, வயது 66, கூட்டுறவு சங்கத்தில் கணக்கு எழுதி ஓய்வு பெற்றவர். காகிதங்களை எல்லாம் நான் பார்த்திருக்கிறேன். ஸ்டேஷனுக்குள் நடந்ததற்கு மட்டும் அவரும் அவர் மகனும் சொன்னதுதான் ஆதாரம், அதை அப்படியே எடுத்துக்கொள்ளுங்கள்.

விவகாரம் இதுதான். ரோட்டோரமாக 38 சென்ட் நஞ்சை. அந்தப் பக்கம் புறவழிச்சாலை வரும் என்று ஒரு பேச்சு ஓடிக்கொண்டிருந்த சமயம், 2023 கடைசியில், டவுனில் மனை வியாபாரம் பார்க்கும் ஒருவர் வந்து சென்ட் 50,000 வீதம் 19 லட்சத்துக்குப் பேசி, 4 லட்சம் அட்வான்ஸ் கொடுத்தார். 100 ரூபாய் முத்திரைத்தாளில் கிரைய ஒப்பந்தம், ஆறு மாதக் கெடு, பத்திரப்பதிவு ஆபீஸுக்குப் போகவில்லை. கெடுவுக்குள் பாக்கியைச் செலுத்திக் கிரையம் முடிக்காவிட்டால் அட்வான்ஸ் திரும்பக் கிடையாது என்று ஒரு வரி, பத்திர எழுத்தர்கள் கை பழக்கத்தில் போடுகிற வரிதான் அது. ஆறு மாதம் ஓடியது, ஆள் வரவில்லை. ரோடு வேறு பக்கமாகப் போகும்போல என்று ஊரில் பேச்சு மாறியதும் அவருக்கு அந்த இடத்தின் மேல் ஆசை போய்விட்டது என்பது மாமாவின் கணக்கு. அதற்குள் அட்வான்ஸ் பணம் மகள் கல்யாணத்தில் கரைந்துவிட்டது. 2025 ஆரம்பத்தில் வியாபாரி வந்து பணத்தைத் திருப்பிக் கேட்க, மாமா அந்த வரியைக் காட்டினார்.

இதோடு நின்றிருந்தால் மாமா பக்கம் நூற்றுக்கு நூறு நியாயம் என்று எழுதிவிட்டுப் போயிருப்பேன். ஆனால் ஒரு சிக்கல் இருக்கிறது. நிலம் தாத்தா, அதாவது மாமாவின் அப்பா, சுயமாகச் சம்பாதித்தது, உயில் எழுதாமல் இறந்துபோனார், பட்டா மட்டும் மாமா பெயரில் மாறியிருக்கிறது. மாமாவுக்கு ஒரு தங்கச்சி உண்டு. 1956ஆம் வருஷத்து இந்து வாரிசுரிமைச் சட்டப்படியே அவருக்குச் சரிபாதி வந்துவிடும். ஒப்பந்தத்திலோ "எனக்கு மட்டும் பாத்தியப்பட்ட" என்று இருக்கிறது. கேட்டால் மாமா, "அவளுக்குத்தான் அன்னைக்கே நகை போட்டு, சீர் செஞ்சு அனுப்பியாச்சே" என்பார். நம் பக்கத்து ஆம்பிளைகள் பாதிப் பேர் மனதார நம்புகிற விஷயம், சட்டத்தில் ஒரு பைசா பெறாது. ஆகவே வியாபாரி கொடுத்த மனுவில், தங்கை பாகத்தை மறைத்து ஏமாற்றிப் பணம் வாங்கிவிட்டார் என்று இருந்ததே, அது முழுப் பொய் இல்லை. விசாரித்துப் பார்க்க வேண்டிய குற்றச்சாட்டுதான்.

இந்த இடத்தைக் கொஞ்சம் கவனமாகப் படியுங்கள், ஏனென்றால் சிவில் தகராறில் போலீஸ் தலையிடவே கூடாது என்று ஒற்றை வரியில் சொல்கிறவர்கள் வழுக்கும் இடம் இது. ஒரே சம்பவத்தில் சிவில் வழக்கும் இருக்கலாம், குற்றமும் இருக்கலாம். ஏமாற்றுதல் என்ற குற்றத்துக்கு (பழைய 420, இப்போது பாரதிய நியாய சன்ஹிதாவில் 318(4)) பேச்சு தொடங்கிய அன்றே ஏமாற்றும் எண்ணம் இருந்திருக்க வேண்டும், பின்னால் வாக்குத் தவறினால் அது ஒப்பந்த மீறல் மட்டும்தான் என்று சுப்ரீம் கோர்ட் 2000ஆம் ஆண்டு ஹ்ருதய ரஞ்சன் பிரசாத் வர்மா வழக்கிலேயே சொல்லிவிட்டது. அப்படியென்றால் போலீஸ் கண்டுபிடிக்க வேண்டியது ஒன்றே ஒன்று: ஒப்பந்தம் போட்ட அன்று வாங்க வந்தவருக்குத் தங்கச்சி விஷயம் தெரியுமா, தெரியாதா?

அதற்கு விடை ஒரு காகிதத்தில் இருந்தது. ஒப்பந்தத்தின்போது மாமா கொடுத்த நகல்களில் தாத்தாவின் வாரிசுச் சான்றும் உண்டு, அதில் இரண்டு பேர் பெயரும் இருக்கிறது, பெற்றுக்கொண்டேன் என்று வியாபாரி கையெழுத்தும் போட்டிருக்கிறார். ஒப்பந்தத்தையும் இணைப்பையும் வாங்கி விரித்துப் பார்த்திருந்தால் அரை நாளில் முடிந்திருக்கும். யாரும் கேட்கவில்லை. எனக்கு இந்த வழக்கில் ஆத்திரம் வருகிற இடம் இதுதான். போலீஸ் விசாரித்ததால் வந்த தொல்லை என்று இதைச் சொல்லவே முடியாது, விசாரிக்காமல் பணம் வசூலிக்க உட்கார்ந்ததால் வந்தது.

சரி, அன்று நடந்தது. மத்தியானம் ஸ்டேஷன் ரைட்டர் போன் போட்டிருக்கிறார். "அண்ணாச்சி, உங்க மேல ஒரு பெட்டிஷன் வந்திருக்கு, எஸ்.ஐ. சாயந்தரம் வரச் சொன்னாரு. பெருசா ஒண்ணுமில்ல, ஒரு எட்டு வந்து தலையக் காட்டிட்டுப் போங்க." யார் கொடுத்த பெட்டிஷன், என்ன விஷயம் என்று கேட்டதற்கு, "வாங்க, வந்து பேசிக்கிடலாம்." எழுத்தில் ஒன்றும் கிடையாது. மாமா நாலரைக்குப் போயிருக்கிறார், ஏழு மணி வரை வெளியே பெஞ்சு. போனை வாங்கி மேஜை மேல் வைத்துவிட்டார்கள். உள்ளே கூப்பிட்டபோது வியாபாரியும் கூட ஒரு அரசியல் கட்சி ஆளும் நாற்காலியில் இருக்க, இவர் நின்றிருக்கிறார். எஸ்.ஐ.தான் பேச்சை ஆரம்பித்தார்.

"பெரியவரே, ரூவாய வாங்கி மகளுக்குக் கல்யாணம் முடிச்சாச்சு. எடத்தையும் குடுக்க மாட்டேங்கீரு, துட்டையும் குடுக்க மாட்டேங்கீரு. என்னதான்வே நெனச்சிருக்கீரு?"

"சார், அவருதான கெடுவுக்குள்ள வரல. அக்ரிமெண்ட்ல எழுதியிருக்கு, பாருங்க."

"அதெல்லாம் கோர்ட்ல போய்ப் பேசும். இங்க துட்டுக்கு ஒரு வழி சொல்லும். இல்லேன்னா 420 போட்டு இப்பமே ரிமாண்ட்தான்."

அக்ரிமெண்ட்டைக் கோர்ட்டில் பேசு என்று எஸ்.ஐ. தன் வாயால் சொல்லிவிட்டார். அப்புறம் துட்டை மட்டும் ஸ்டேஷனில் எப்படிப் பேச முடியும்? அந்த அறையில் இதைக் கேட்கும் தைரியம் யாருக்கும் இருந்திருக்காது. 2020 ஜூனில் பக்கத்து மாவட்டத்துச் சாத்தான்குளத்தில் அப்பாவும் மகனும் ஸ்டேஷனுக்குப் போய்ப் பிணமாக வந்ததும், 2023 மார்ச்சில் நம் மாவட்டத்திலேயே அம்பாசமுத்திரத்தில் விசாரணைக்குப் போனவர்கள் பல்லைப் பிடுங்கினார்கள் என்று புகார் சொன்னதும் இந்தப் பக்கத்தில் யாருக்கும் மறக்கவில்லை. மாமாவை ஒரு அடி அடிக்கவில்லை, அதையும் சொல்லிவிட வேண்டும். அடிக்க வேண்டிய தேவையே இல்லாமல் போனதற்கு இந்த ஊர்க் கதைகள்தான் காரணம்.

ஒன்பது மணிக்கு மகன் வீட்டிலிருந்து செக் புக்கை எடுத்துக்கொண்டு வந்தான். தேதி போடாமல் 2 லட்சத்துக்கு ஒன்று, இன்னொரு 2 லட்சத்துக்கு ஒன்று. கூடவே ஒரு வெள்ளைத்தாளில், வாங்கிய அட்வான்ஸை மூன்று மாதத்தில் திருப்பிக் கொடுக்கச் சம்மதிக்கிறேன், யாருடைய வற்புறுத்தலும் இல்லை என்று எழுதி வாங்கினார்கள். இந்த வற்புறுத்தல் இல்லை என்ற வரியைச் சொல்லி எழுத வைப்பவர்களுக்குச் சட்டம் தெரியாது என்று நினைக்காதீர்கள், நன்றாகத் தெரியும்.

பின்னால் தகவல் உரிமைச் சட்டத்தில் சி.எஸ்.ஆர். (புகார் மனு வந்ததற்கு ஸ்டேஷனில் போடும் பதிவு) நகல் வாங்கியபோது அதில் இருந்தது இவ்வளவுதான்: இருதரப்பையும் விசாரித்ததில் தங்களுக்குள் பேசிச் சமரசமாகப் போவதாகவும், மேல் நடவடிக்கை தேவையில்லை என்றும் தெரிவித்ததால் மனு முடிக்கப்பட்டது. செக் பற்றி ஒரு சொல் இல்லை. பதிவேட்டின்படி பார்த்தால் போலீஸ் எதுவுமே செய்யவில்லை. சிவில் விவகாரத்தில் தலையிடாமல் ஒதுங்கிக்கொண்ட ஒழுங்கான ஸ்டேஷன் என்று கூடச் சொல்லலாம்.

இனி சட்டத்துக்கு வருவோம். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாக 2024 ஜூலை 1 முதல் நடப்பில் இருக்கும் பி.என்.எஸ்.எஸ். சட்டத்தில் போலீஸுக்குப் புலன்விசாரணை அதிகாரம் பெரிதாகவே இருக்கிறது. ஆவணம் கேட்கலாம், சோதனை போடலாம், சொத்தை, பேங்க் கணக்கை முடக்கலாம், தேவைப்பட்டால் கைது செய்யலாம். 2021இல் நீஹாரிகா வழக்கில் சுப்ரீம் கோர்ட், விசாரணை ஆரம்பத்திலேயே ஹைகோர்ட்டுகள் குறுக்கே விழக்கூடாது, விசாரிப்பது போலீஸின் சட்டபூர்வமான உரிமையும் கடமையும் என்று அழுத்திச் சொன்னது. ஆனால் இந்த அதிகாரத்தில் பெரும்பகுதி 173ஆம் பிரிவில் எஃப்.ஐ.ஆர். பதிவான பிறகு பிறப்பது. பதிவான உடனே தகவல் மாஜிஸ்திரேட்டுக்குப் போக வேண்டும், பாலியல் குற்றம், தீவிரவாதம் போன்ற சில வகை வழக்குகள் தவிர மற்றவற்றில் 24 மணி நேரத்துக்குள் இணையத்தில் ஏற்ற வேண்டும் என்பது 2016இலேயே வந்த உத்தரவு. ஏழு வருஷம் வரை தண்டனை உள்ள குற்றம் என்றால் கைதுக்குக் காரணம் எழுத வேண்டும், கைது தேவைப்படாவிட்டால் 35(3) நோட்டீஸ் கொடுத்துத்தான் கூப்பிட வேண்டும், அந்த நோட்டீஸையும் வாட்ஸ்அப்பில் அனுப்பினால் செல்லாது என்று 2025 ஜனவரியில் சுப்ரீம் கோர்ட் சொல்லியிருக்கிறது. சாட்சியாகக் கூப்பிட்டால் 179ஆம் பிரிவுப்படி 60 வயதுக்கு மேற்பட்டவரை வீட்டுக்கு வந்துதான் விசாரிக்க வேண்டும். குற்றம் இல்லை என்று தோன்றினால் 528ஆம் பிரிவில் ஹைகோர்ட்டின் மதுரைக் கிளைக்குப் போய் எஃப்.ஐ.ஆரையே ரத்து செய்யக் கேட்கலாம்.

எல்லாமே எஃப்.ஐ.ஆர். வந்த பிறகு. பெட்டிஷன் விசாரணை என்று நம் ஸ்டேஷன்களில் நடப்பதற்கு, சி.எஸ்.ஆர். ரசீது கொடுத்து நடத்துவதற்கு, பி.என்.எஸ்.எஸ்.-இல் பிரிவே கிடையாது. சி.எஸ்.ஆர். என்ற எழுத்தே அந்தச் சட்டத்தில் இல்லை. ஆரம்பகட்ட விசாரணைக்கு இடம் உண்டுதான். 2013 லலிதா குமாரி தீர்ப்பில் ஐந்து நீதிபதிகள், குற்றம் வெளிப்படையாகத் தெரிந்தால் எஃப்.ஐ.ஆர். கட்டாயம், ஆனால் குடும்பத் தகராறு, வியாபாரத் தகராறு மாதிரி விஷயங்களில் குற்றம் இருக்கிறதா என்று மட்டும் முதலில் பார்க்கலாம் என்றார்கள். புதுச் சட்டத்தில் 173(3), மூன்று வருஷத்துக்குக் குறையாமலும் ஏழு வருஷத்துக்குள்ளும் தண்டனை உள்ள குற்றங்களுக்கு டி.எஸ்.பி. அனுமதியோடு 14 நாள் கொடுக்கிறது. (318(4)க்குத் தண்டனை ஏழு வருஷம் வரை. ஏழுக்குக் குறைவு என்று சொல்லுக்குச் சொல் படித்தால் அது இந்தப் பிரிவுக்குள்ளேயே வராது, இதை ஸ்டேஷனில் யாராவது யோசித்திருப்பார்களா என்று தெரியாது.) எப்படிப் பார்த்தாலும் அந்த விசாரணை எதற்கு? குற்றம் இருக்கிறதா என்று பார்க்க. பணம் வாங்கிக் கொடுக்க இல்லை.

அந்தச் சாயங்காலத்தை வைத்து மாமா எந்தக் கதவைத் தட்டியிருக்க முடியும்? ரத்து செய்ய எஃப்.ஐ.ஆர். இல்லை. முன்ஜாமீன் கேட்டால், எஃப்.ஐ.ஆர். இருந்தால்தான் கேட்க முடியும் என்று விதி கிடையாது, 1980இலேயே குர்பக்ஷ் சிங் சிப்பியா வழக்கில் சொல்லியாகிவிட்டது, ஆனால் நடைமுறையில் அரசு வக்கீல் எழுந்து "இவர் மேல் வழக்கே இல்லை" என்றால் அதைப் பதிவு செய்து மனுவை முடித்துவிடுகிறார்கள். நிஜமாகவே வழக்கு இல்லை, அவர் சொல்வது பொய்யும் இல்லை. கூப்பிட்டதற்குக் காகிதம் இல்லை, வைத்திருந்ததற்குக் காகிதம் இல்லை, மிரட்டியதற்கு இல்லை. மாமா கையெழுத்துப் போட்ட காகிதம் மட்டும் இருக்கிறது.

அதிலும் செக் மோசமான விஷயம். வெள்ளைத்தாளில் எழுதி வாங்கியதை ஒப்பந்தச் சட்டம் 15, 19 பிரிவுகளை வைத்து மிரட்டி வாங்கியது என்று உடைக்கலாம். செக் அப்படி இல்லை. மாற்றுமுறை ஆவணச் சட்டம் 139இன்படி, செக் கொடுத்தாலே கடனுக்காகக் கொடுத்தது என்று கோர்ட் அனுமானிக்கும், இல்லை என்று காட்டுவது கொடுத்தவர் பாடு. பணம் கொடுக்காதே என்று பேங்குக்கு எழுதினாலும், செக் திரும்பினால் தண்டிக்கும் 138ஆம் பிரிவிலிருந்து தப்ப முடியாது. ஆக, போலீஸ் தொட முடியாத ஒரு சிவில் பாக்கி, ஸ்டேஷன் மேஜை மேல் ஐந்து நிமிஷத்தில் ஜெயில் தண்டனை உள்ள ஒரு விவகாரமாக மாறிவிட்டது. எஸ்.ஐ. மிரட்டிய 420 வரவே இல்லை, அதற்குப் பதில் வேறொரு குற்ற வழக்கை மாமாவே கையெழுத்துப் போட்டு உண்டாக்கிக் கொடுத்துவிட்டார்.

உண்மையில் பாக்கி எவ்வளவு? அது இன்னும் சுவாரசியமான கேள்வி. அட்வான்ஸ் திரும்பக் கிடையாது என்று எழுதிவிட்டால் நாலு லட்சமும் மாமாவுக்கா? அப்படி இல்லை. ஒப்பந்தச் சட்டம் 74ஆம் பிரிவும், 2015இல் கைலாஷ் நாத் வழக்கில் சுப்ரீம் கோர்ட் சொன்னதும், பறிமுதல் நியாயமான அளவில் இருக்க வேண்டும், நஷ்டமே இல்லாதபோது இழப்பீடு என்று எடுத்துக்கொள்ள முடியாது என்று போகின்றன. 19 லட்சத்தில் 4 லட்சம் என்பது ஐந்தில் ஒரு பங்குக்கு மேல். மாமா அதில் கொஞ்சம் திருப்பித்தான் கொடுக்க வேண்டியிருக்கும் என்று எனக்கு முதலிலிருந்தே தோன்றியது. வியாபாரிக்கும் வழி இருந்தது. ஒப்பந்தம் பதிவாகவில்லை, அதனால் கோர்ட்டுக்குப் போக முடியாது என்று யாரோ அவருக்குச் சொல்லியிருக்கிறார்கள், அதனால்தான் ஸ்டேஷனுக்குப் போனாராம். தமிழ்நாட்டில் 2012 டிசம்பரிலிருந்து கிரைய ஒப்பந்தத்தைப் பதிவு செய்தாக வேண்டும் என்பது சரி, ஆனால் பதிவு செய்யாத ஒப்பந்தத்தையும் கிரையம் முடித்துத் தரக் கேட்கும் வழக்கில் சான்றாகக் காட்டலாம் என்று 2023 ஏப்ரலில் ஹேமலதா எதிர் கஸ்தூரி வழக்கில் தீர்ப்பு வந்துவிட்டது, அதுவும் தமிழ்நாட்டு வழக்குதான். கெடு முடிந்து மூன்று வருஷம் அவகாசமும் இருந்தது.

போலீஸ் பக்கத்தையும் கேட்டேன். எனக்குத் தெரிந்த ஓய்வுபெற்ற ஏட்டையா ஒருவர் சிரித்தார். "நீங்க சட்டம் பேசுதிய. சிவில் மேட்டர், கோர்ட்டுக்குப் போன்னு திருப்பி அனுப்புனா, அவன் திங்கக்கெழம கொக்கிரகுளத்துல கேனோட போயி நிப்பான். அப்ப எங்களத்தான் கேப்பாங்க. இல்லன்னா ரெண்டு பேருல ஒருத்தன் அருவாள எடுப்பான். அதுக்கும் எங்களத்தான் கேப்பாங்க." அவர் சும்மா சொல்லவில்லை. 2017 அக்டோபர் 23, அதே கொக்கிரகுளத்துக் கலெக்டர் ஆபீஸ் வளாகத்தில், கந்துவட்டித் தொல்லை பற்றிப் பலமுறை மனு கொடுத்தும் நடக்கவில்லை என்று ஒரு கூலித் தொழிலாளி குடும்பம், இரண்டு சின்னப் பிள்ளைகளோடு சேர்த்து, தீயில் கருகியது. 2025 மார்ச் 18, டவுனில் ஓய்வுபெற்ற எஸ்.ஐ. ஒருவரையே இடத் தகராறில் வெட்டிக் கொன்றார்கள். தன் உயிருக்கு ஆபத்து இருக்கிறது, போலீஸ் கண்டுகொள்ளவில்லை என்று அவர் பேசிய வீடியோ பிறகு ஊரெல்லாம் சுற்றியது, இரண்டு அதிகாரிகள் சஸ்பெண்ட் ஆனார்கள். சிவில் மேட்டர் என்ற சொல்லைச் சொல்லிக் கதவைச் சாத்துவதும் நடக்கிறது, அதே சொல் பொருந்தும் வேறொரு விஷயத்தில் நாற்காலி போட்டு உட்கார வைப்பதும் நடக்கிறது. எதற்கு எது என்பதை யார் தீர்மானிக்கிறார்கள், கூட வந்த ஆளைப் பார்த்தா என்பதுதான் என் சந்தேகம்.

ஏட்டையா சொன்ன பயத்துக்கும் சட்டத்தில் வழி உண்டு. நிலத்தின் கைவசம் பற்றித் தகராறு முற்றி அடிதடி வரும் என்றால் பி.என்.எஸ்.எஸ். 164ஆம் பிரிவில் (பழைய 145) கோட்டாட்சியருக்கு அறிக்கை அனுப்பலாம், அவர் யார் அனுபவத்தில் இருக்கிறது என்று மட்டும் பார்த்து உத்தரவு போடுவார், பாத்தியதையைக் கோர்ட் பார்த்துக்கொள்ளும். ஆள் மேல் சந்தேகம் என்றால் 126இல் பிணைப்பத்திரம். மாமா விஷயத்தில் இரண்டுமே தேவையில்லை. நிலம் அவர் கையில்தான் இருக்கிறது, யாரும் யார் மேலும் கை வைக்கவில்லை. பணம் மட்டும்தான் பிரச்சினை.

மறுநாள் காலையில் பாளையங்கோட்டை கோர்ட்டில் தொழில் பார்க்கும் வக்கீல் அம்மா ஒருவரிடம் போனோம். அவர் முதலில் கேட்டது சட்டம் பற்றி இல்லை, "எத்தனை மணிக்குப் போனீங்க, எத்தனை மணிக்கு வந்தீங்க, போன் வந்த நம்பர் இருக்கா?" இரண்டே நாளில் பதிவுத் தபாலில் நாலு கடிதம் போனது: வியாபாரிக்கு, பேங்குக்கு, எஸ்.பி.க்கு, டி.எஸ்.பி.க்கு. ஸ்டேஷனில் வைத்து மிரட்டி வாங்கிய எழுத்தும் செக்கும் என்னைக் கட்டுப்படுத்தாது என்று நேரத்தோடு, ரைட்டர் போன் வந்த நிமிஷத்தோடு. செக் வழக்கு வந்தால் அந்த 139 அனுமானத்தை அசைக்க, நோட்டீஸ் வந்த பிறகு கிளப்பும் கதையை விட அடுத்த நாளே எழுதிய கடிதம் பெரிய பலம் என்றார். புதன்கிழமை எஸ்.பி. ஆபீஸ் மனு நாளில் மாமாவே நேரில் போய் இன்னொரு பிரதி கொடுத்து ரசீது வாங்கினார்.

அப்புறம் மதுரைக் கிளை. விசாரணை என்ற பேரில் துன்புறுத்தக் கூடாது என்று உத்தரவு கேட்கும் இந்த மாதிரி மனுக்கள் அங்கே மூட்டை மூட்டையாக வருகின்றன, அவற்றுக்கு நீதிமன்றம் போடும் உத்தரவும் கிட்டத்தட்ட ஒரே வார்ப்புதான்: கூப்பிடுவதென்றால் தேதி, நேரம் குறித்து எழுத்தில் கூப்பிடு, விசாரித்ததை நிலைய நாட்குறிப்பில் எழுது, துன்புறுத்தாதே, லலிதா குமாரியைப் பின்பற்று. அரசு வக்கீல், மனு சமரசத்தில் முடிந்துவிட்டது, இனிக் கூப்பிடத் தேவையில்லை என்றார். உத்தரவு சின்னதுதான், நடந்ததைப் பற்றி ஒரு முடிவும் அதில் இல்லை. ஆனாலும் அதற்குப் பிறகு ஸ்டேஷனிலிருந்து ஒரு போன் வரவில்லை.

2025 ஏப்ரலில் இன்னொன்று நடந்தது. உத்தரப் பிரதேசத்தில் கிடங்கு ஒன்றை வாங்க வாய்மொழியாகப் பேசி, அட்வான்ஸ் கொடுத்து, தகராறாகி, போலீஸ் குற்ற வழக்காக்கிய விஷயம். ரிகப் பிரானி வழக்கு. சுப்ரீம் கோர்ட் அந்தக் குற்ற வழக்கை ரத்து செய்ததோடு மாநில அரசுக்கு 50,000 ரூபாய் செலவுத் தொகையும் விதித்தது. வக்கீல் அம்மா அந்தத் தீர்ப்பை வைத்து வியாபாரியின் வக்கீலிடம் போனில் பேசினார். செக் பேங்குக்குப் போகாமல் நின்றதற்கு அதுவும் ஒரு காரணமாக இருக்கலாம், அந்தப் பக்கத்து வக்கீலும் விவரமானவர். அவர் தன் கட்சிக்காரரை ஒழுங்காகக் கோர்ட்டுக்கு அழைத்துப் போய், கிரையம் முடித்துத் தர வேண்டும், இல்லையென்றால் அட்வான்ஸைத் திருப்ப வேண்டும் என்று வழக்குப் போட்டார். டிசம்பரில் மக்கள் நீதிமன்றத்துக்கு வந்தபோது அரை மணி நேரப் பேச்சில் முடிந்தது: 2,60,000 ரூபாய், எட்டு மாதத் தவணை, இரண்டு செக்கும் அங்கேயே திருப்பி ஒப்படைப்பு. வியாபாரிக்குக் கோர்ட் கட்டணமும் திரும்பக் கிடைத்தது. மேல்முறையீடு கிடையாது, தீர்ப்பாணை மாதிரியே நிறைவேற்றலாம்.

சமரசம்தான் இரண்டு இடத்திலும். ஒன்றில் மாமா நின்றுகொண்டிருந்தார், பக்கத்தில் வக்கீல் இல்லை, தொகை நாலு லட்சம். இன்னொன்றில் உட்கார்ந்திருந்தார், தொகை ஒண்ணே முக்கால் லட்சத்தில் ஆரம்பித்து மேலே ஏறி, கீழே இறங்கி, 2,60,000இல் நின்றது. கந்துவட்டிக்காரனிடம் கணக்குப் பார்ப்பதற்கும் பேங்கில் கணக்குப் பார்ப்பதற்கும் உள்ள வித்தியாசம்.

ஸ்டேஷன் கேமரா பதிவைக் கேட்டும் தகவல் உரிமையில் ஒரு மனு போட்டிருந்தோம். 30 நாளுக்கு மேல் பதிவு நிற்பதில்லை என்று பதில். பரம்வீர் சிங் சைனி வழக்கில் 2020 டிசம்பரில், எல்லா ஸ்டேஷனிலும் கேமரா வேண்டும், பதிவை 18 மாதம் வைத்திருக்கும் வசதி வேண்டும், முடியாவிட்டாலும் ஒரு வருஷத்துக்குக் குறையக் கூடாது என்று சுப்ரீம் கோர்ட் சொல்லி வருஷங்கள் ஆகிவிட்டன. இப்படி ஸ்டேஷனுக்குப் போய்வந்தவர்கள் யாராவது இதைப் படித்தால், மறுநாளே பதிவை அழிக்காமல் வைக்கச் சொல்லி எழுத்தில் கொடுத்துவிடுங்கள், மாசம் தாண்டினால் இந்தப் பதில்தான் வரும்.

மனித உரிமை ஆணையத்துக்குப் புகார் கொடுக்கச் சம்பவத்திலிருந்து ஒரு வருஷம்தான் அவகாசம், அதற்குள் கொடுத்துவிட்டோம். வியாபாரியோடு சமரசமான பிறகும் அந்தப் புகாரை வாபஸ் வாங்க மாட்டேன் என்று மாமா பிடிவாதமாக இருக்கிறார், அவர் மகனுக்குத்தான் அரை மனசு. ஆணையம் எஸ்.பி.யிடம் அறிக்கை கேட்டது. எஸ்.பி. டி.எஸ்.பி.க்கு அனுப்பினார். டி.எஸ்.பி. அதே ஸ்டேஷன் இன்ஸ்பெக்டரிடம் விளக்கம் கேட்டிருக்கிறார் என்பது வரை தெரியும். அங்கிருந்து ஒரு போலீஸ்காரர், இந்த முறை எழுத்து மூலமான சம்மனோடு, வீட்டுக்கே வந்து மாமாவின் வாக்குமூலத்தை எழுதிக்கொண்டு போனார்.